மைலோமா டிக்கெட்டுக்குக் கோட் போடுவது: ஐசிடி-10, நீண்டநாள் பாவனைக்குப் பிறகு

மட்டக்களப்பு மாவட்டத்தில் ஒரு வைத்தியசாலையின் பதிவேட்டு அறையில் வேலை செய்கிறேன். நோயாளி வீட்டுக்குப் போனதும் அவருடைய டிக்கெட், அதாவது வார்டில் அவரைப் பற்றி எழுதிய குறிப்புத்தாள்கள், எங்கள் மேசைக்கு வரும். நோயின் பெயரைப் பார்த்து, உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டுப் பட்டியலான ஐசிடி-10இல் உள்ள கோட் போட்டுக் கணினியில் ஏற்றுவோம். பல வருடமாக இதைத்தான் பாவிக்கிறேன். எல்லா நோய்க்கும் எழுத இடம் போதாது. கணக்கில் மிகச் சுலபமாகத் தொலைந்துபோகும் மல்டிபிள் மைலோமாவைப் பற்றி மட்டும் சொல்கிறேன். எலும்புக்குள் இருக்கும் மச்சையில் பிளாஸ்மா செல் என்ற அணுக்களில் வரும் புற்று அது.

புத்தகத்தில் இதற்கு இடம் தெளிவாகவே இருக்கிறது. மைலோமா சி90.0, பிளாஸ்மா செல் லுகேமியா சி90.1, எலும்புக்கு வெளியே வரும் பிளாஸ்மசைட்டோமா (பிளாஸ்மா செல் கட்டி) சி90.2. ஒற்றைக் கட்டியாக வருவதற்கு சி90.3 பின்னால்தான் சேர்ந்தது. பழைய அச்சுப் புத்தகத்தில் அதுவும் சி90.2க்குள்தான் கிடக்கும். அதனால் உலக சுகாதார நிறுவனத்தின் இணையப் பதிப்பைத் திறந்து வைத்துக்கொண்டு வேலை செய்வதே நல்லது.

தொல்லை புத்தகத்தில் இல்லை, டிக்கெட்டில் இருக்கிறது. வாகரைப் பக்கத்திலிருந்து ஒரு அம்மா முதுகுவலி என்று வருவார். இரத்தம் குறைவு, சிறுநீரகக் கோளாறைக் காட்டும் கிரியேட்டினின் கூட, எக்ஸ்ரேயில் எலும்பில் ஓட்டை ஓட்டையாகத் தெரியும். வேறெங்கோ உள்ள புற்று எலும்புக்குப் பரவியதோ என்று வார்டில் கேள்விக்குறியோடு எழுதுவார்கள். எலும்பு மச்சை ரிப்போர்ட் வருவதற்குள் அவரை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். எழுதியதை அப்படியே எடுத்தால் சி79.5, அதாவது எலும்பின் இரண்டாம்நிலைப் புற்று. அத்தோடு அந்த அம்மா மைலோமாக் கணக்கிலேயே இல்லை. சில நாள் கழித்து ஒரு சின்னத் தாளை ஸ்டேப்ளர் அடித்து அனுப்புவார்கள், பிளாஸ்மா செல்கள் அதிகம் என்று. அந்தத் தாளுக்காகக் காத்திருப்பது எங்கள் வேலையின் பாதி என்றே சொல்வேன்.

இன்னொன்று சுருக்கெழுத்து. 'எம்எம்' என்று மட்டும் எழுதினால் மைலோமாவா, தோலில் வரும் மெலனோமாவா? மெலனோமா என்றால் சி43. வார்டுக்குப் போன் எடுத்து, "மிஸ், முழுப்பேரைக் கொஞ்சம் சொல்லுங்கோ" என்று கேட்டுவிடுவேன். கேட்டால் கோபிக்கிறவர்கள் குறைவு.

ஐசிடி-10இல் எனக்கு மிகப் பிடித்தது கத்தி (†), நட்சத்திரக் குறி (*) போட்ட இரட்டைக் கோட். கத்தி அடிப்படை நோயைக் காட்டும், நட்சத்திரம் அது உடம்பில் செய்த கேட்டைக் காட்டும். மைலோமாவால் எலும்பு தேய்ந்தால் சி90.0 கத்திக்குறியோடு முன்னால், எம்82.0 நட்சத்திரத்தோடு பின்னால். எலும்பு முறிந்தால் எம்90.7. நட்சத்திரக் கோட் ஒருநாளும் தனியே நிற்காது. இடுப்பெலும்பு உடைந்து எலும்பு வார்டில் படுத்தவரை, இந்தச் சோடி இருந்தால் வெறும் முறிவு என்று யாரும் எண்ண முடியாது.

பிடிக்காததையும் சொல்ல வேண்டும். நோய் அடங்கியிருக்கிறதா, திரும்பி வந்ததா என்று சி90.0 எதுவும் சொல்லாது. அமெரிக்கர்கள் தங்கள் பதிப்பில் இன்னொரு இலக்கம் சேர்த்து சி90.01 அடங்கியது, சி90.02 திரும்பியது என்று பிரித்திருக்கிறார்கள். எங்களுக்கு அந்த வசதி இல்லை. கீமோவுக்கு வருபவருக்கு இசட்51.1 போட்டு, சி90.0ஐயும் கூடவே போடுகிறோம். போர்டிசோமிப் என்ற மைலோமா மருந்து ஊசிக்கு வாராவாரம் அனுமதியாகும் ஒருவர் மாதத்தில் நான்கு அனுமதி. அந்த எண்ணிக்கையை நான்கு ஆள் என்று வாசித்துவிடக் கூடாது. மாத முடிவில் பெயரையும் கிளினிக் இலக்கத்தையும் வைத்து ஆட்களைத் தனியே எண்ணி வைக்கிறேன். எந்தப் படிவமும் இதைக் கேட்பதில்லை, ஆனாலும் மருந்து எத்தனை பேருக்கு வேண்டும் என்று டொக்டர் கேட்டால் சரியான பதில் கையில் இருக்க வேண்டும்.

2022 முதல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11ஐயும் வேலை ஓய்ந்த நேரங்களில் தட்டிப் பார்க்கிறேன். நோயின் பெயரை அடித்தவுடன் 2ஏ83.1 வந்து நிற்கிறது. கூடுதல் விவரங்களைக் கோட்டோடு கோட்டாகக் கோர்த்துக்கொள்ளலாம், தேடுவதும் வேகம். மாறும் நாள் வந்தால் நான் சந்தோஷமாகவே மாறுவேன். ஆனால் மச்சை ரிப்போர்ட்டை டிக்கெட்டோடு சேர்த்து அனுப்பும் ஏற்பாடு அதற்கு முன்பே வார்டுகளில் வர வேண்டும்.