சத்தம் போட்டால் மலை முளைக்கும் பெட்டி

பெட்டியின்மேல் 'ஒலியால் உருவாகும் உலகம்' என்று கொட்டை எழுத்தில் அச்சடித்திருந்தார்கள். விலை 2,850 ரூபாய். முப்பது ஆண்டுகள் மேல்நிலைப் பள்ளியில் இயற்பியல் நடத்தியவனுக்கு அந்த வாசகத்தைப் பார்த்ததும் சிரிப்புதான் வந்தது. ஆனாலும் வாங்கினேன். அதிரும் தகட்டில் தூவிய மணல் கோடுகளாகச் சேர்ந்து போடும் கோலங்களுக்குக் கிளாட்னி உருவங்கள் என்று பெயர். அவற்றை ஆண்டுதோறும் கரும்பலகையில் வரைந்திருக்கிறேனே தவிர, மணல் நகர்வதை ஒருமுறைகூடக் கண்ணால் பார்த்ததில்லை. ஆய்வகத்துக்கு அந்தக் கருவியைக் கேட்டுக் கேட்டே ஓய்வும் பெற்றாயிற்று.

உள்ளே இருந்தவை அதிகமில்லை. ஒலிபெருக்கியின் கூம்பைக் கழற்றிவிட்டு நடுவில் ஓர் ஆணியை நட்டது போன்ற அதிர்வி, அதை இயக்கும் சிறு பலகை, 15 சென்டிமீட்டர் பக்கமுள்ள சதுர அலுமினியத் தகடு, ஒரு வட்டத் தகடு, ஒரு பொட்டலம் பொடி, நான்கு பக்கக் கையேடு. கைபேசியில் ஒலி எழுப்பும் செயலியை நாமே இறக்கிக்கொண்டு வயரால் இணைக்க வேண்டும். மின்சாரத்துக்கான அடாப்டர் கிடையாது. அது கிடையாது என்பதைக் கையேட்டின் கடைசிப் பக்கத்தில் எறும்பெழுத்தில் போட்டிருந்தார்கள். விற்ற கடைக்கு எழுதினேன். ஒன்பது நாள் கழித்து 'உங்கள் மேலான கருத்துக்கு நன்றி' என்று பதில் வந்தது. நல்லவேளையாகப் பரணில் பழைய மோடத்தின் 12 வோல்ட் அடாப்டர் கிடந்தது.

தகட்டை ஆணியில் திருகி, பொடியைத் தூவி, அதிர்வெண்ணை மெல்ல ஏற்றினேன். 200, 220, 250 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு அத்தனை அதிர்வு. பொடி குளிரில் நடுங்குவதுபோல் நடுங்கியதே ஒழிய இடத்தைவிட்டு நகரவில்லை. 270-ஐ ஒட்டியதும் தகடு திடீரென்று குரல் எடுத்துப் பாடியது. பொடி அத்தனையும் நான்கு பக்கமும் ஓடி ஒரு வளையமாக நின்றது. 700 அருகில் அந்த வளையம் உடைந்து வேறு கோடுகளாகச் சேர்ந்தது. 1,300-க்குப் போனால் இன்னும் நெருக்கமான பின்னல். தகட்டின் இயல்பான சுருதியோடு நாம் கொடுக்கும் ஒலி பொருந்துவதுதான் ஒத்ததிர்வு. அப்போது தகட்டில் சில இடங்கள் துள்ளுகின்றன, சில கோடுகள் அசையாமல் இருக்கின்றன. துள்ளும் இடத்திலிருந்து உதைபட்ட பொடி, உதை இல்லாத கணுக்கோட்டில் போய்ப் படுத்துக்கொள்கிறது. இதை எத்தனை முறை வகுப்பில் சொல்லியிருப்பேன்! ஆனால் பொடி உண்மையிலேயே ஓடியபோது நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டேன்.

மூன்றாம் வகுப்புப் படிக்கும் பேத்திக்குக் கணுவும் தெரியாது, ஹெர்ட்ஸும் தெரியாது. அவளுக்கு அது ஒரு நாடு. வெள்ளைக் கோடுகள் மலைகள், இடைவெளிகள் எல்லாம் யாரும் நிற்க முடியாத வயல்கள். ராஜா பாடுகிற சுருதியைப் பொறுத்து அந்த நாட்டில் மலைகள் இடம் மாறும். ராஜாவுக்குத் தொண்டை கட்டிவிட்டால் மலைகள் உதிர்ந்துவிடும். நோட்டுப் புத்தகத்தில் ஒவ்வொரு அதிர்வெண்ணுக்கும் ஒரு வரைபடம் போட்டு, ஊர்ப் பெயரும் எழுதி வைத்திருக்கிறாள். பெட்டியின்மேல் இருந்த வாசகத்தைப் பார்த்துச் சிரித்ததற்கு இந்த நோட்டின் முன்னால் நான் கொஞ்சம் வெட்கப்பட வேண்டியிருந்தது.

இனி குறைகள். முதலாவது பொடி. கொடுத்த பொட்டலம் இரண்டு நாளில் தீர்ந்தது. 'எந்த மெல்லிய மாவையும் பயன்படுத்தலாம்' என்கிறது கையேடு. நம்பாதீர்கள். நன்றாகச் சலித்த அரிசி மாவைத் தூவினேன். அது கணுக்கோட்டுக்குப் போகாமல், எங்கே தகடு அதிகமாகத் துள்ளுகிறதோ அங்கேயே சிறு சிறு குன்றுகளாகக் குவிந்து கொதித்தது. மலை இருக்க வேண்டிய இடத்தில் வயல், வயலில் மலை. பேத்தி நாடே கவிழ்ந்துவிட்டது என்றாள். இதற்குக் காரணம் காற்று. ஆடும் தகடு தனக்கு மேலே காற்றில் சிறு சுழல்களை உண்டாக்குகிறது. எடை குறைந்த துகளை அந்தச் சுழல் இழுத்துக்கொண்டு போய்த் துள்ளும் இடத்திலேயே சேர்க்கிறது. 1831-இல் மைக்கேல் பாரடே இதைக் கண்டு விளக்கியிருக்கிறார். கையேட்டை எழுதியவர் தம் வீட்டுச் சமையலறை வரை போயிருந்தால் அவரும் கண்டிருப்பார். உப்பு நன்றாகவே ஓடியது, ஆனால் ஐப்பசி மழையில் ஈரம் கோத்துத் தகட்டோடு ஒட்டிக்கொண்டது. இறுதியில் வென்றது என் மனைவியின் கோலமாவு டப்பாதான். கல்லை அரைத்த, கொஞ்சம் நறநறவென்று இருக்கும் மாவு. தகட்டுக்குக் கறுப்புப் பெயிண்ட் அடித்துவிட்டால் இன்னும் எடுப்பாகத் தெரியும். ரவை இரண்டாம் இடம்.

இரண்டாவது குறை பெரியது: தகட்டின் அளவு. தகடு சிறிதானால் அதன் சுருதி ஏறும். அதனால் அழகான பின்னல்கள் எல்லாம் ஆயிரத்துக்கு மேலேதான் கிடைக்கின்றன, 3,000-ஐத் தொடும்போது காதில் ஊசி ஏற்றியதுபோல் இருக்கிறது. நாய் எழுந்து போய்விட்டது. கும்பகோணத்தில் பாத்திரப் பட்டறைக்கா பஞ்சம்? அதே ஒரு மில்லிமீட்டர் கனத்தில் 30 சென்டிமீட்டர் சதுரம் வெட்டித் தரச் சொன்னேன். 180 ரூபாய். கனம் மாறாமல் பக்கம் இரட்டிப்பானால் அதிர்வெண் நான்கில் ஒரு பங்காகும். சிறிய தகட்டில் 1,300-இல் கத்திய பின்னல், பெரியதில் 320-ஐ ஒட்டித் தம்பூரா மாதிரி முனகிக்கொண்டு வந்தது. இதைத் தயாரிப்பாளரே செய்திருக்கலாம். பெட்டி பெரிதாகும், அனுப்பும் செலவு கூடும் என்று விட்டிருப்பார்கள்.

அதற்கு முன்பே 3,000-இன் புகழ் தெருவில் பரவிவிட்டது. நான்கு வீடு தள்ளி வயலின் சொல்லித்தரும் டீச்சர், "சார், உங்கள் வீட்டில் என்ன, கொசு விரட்டும் இயந்திரமா?" என்று கேட்டுக்கொண்டு வந்தார். வந்தவர் தகட்டைப் பார்த்து அரைமணி நேரம் நின்றார். மறுநாள் மயிர் தளர்ந்த பழைய வில் ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார்.

கதையின் திருப்பம் இங்கேதான். ஜெர்மானிய இயற்பியலாளர் எர்ன்ஸ்ட் கிளாட்னி 1787-இல் இந்த உருவங்களை வெளியிட்டபோது அவரிடம் மின்சாரமா இருந்தது? தகட்டின் விளிம்பில் வயலின் வில்லை இழுத்தார், அவ்வளவுதான். பின்னர் பாரிசில் நெப்போலியன் முன்னிலையிலும் இதைத்தான் செய்துகாட்டினார். அங்கே அறிவித்த பரிசை, இந்த அதிர்வுக்குக் கணிதம் எழுதி 1816-இல் வென்றவர் பிரெஞ்சுக் கணித மேதை சோஃபி ஜெர்மேன். நாங்களும் சிறிய தகட்டை நடுவில் இறுக்கி, ஒரு மூலையை விரலால் தொட்டு, பக்கத்தின் நடுவில் வில்லை மேலிருந்து கீழாக இழுத்தோம். மாவு சட்டென்று மூலைவிட்டங்கள் இரண்டிலும் போய் நின்றது: பெருக்கல் குறி. விரலைப் பக்கத்தின் நடுவுக்கு மாற்றி, வில்லை மூலையருகே இழுத்தால் கூட்டல் குறி. டீச்சர் இரண்டையும் மாற்றி மாற்றி இழுத்துக் கேட்டார். "கூட்டலை ச என்று வைத்தால் பெருக்கல் ப, சார். ஒரு மயிரிழை குறைகிறது" என்றார்.

கையேட்டில் அச்சாகியிருக்கும் பன்னிரண்டு உருவங்களில் இந்த இரண்டும் உண்டு. அதிர்வியை வைத்துக்கொண்டு இரண்டு நாள் தேடியும் எனக்கு அவை கிடைக்கவில்லை. கிடைக்கவும் கிடைக்காது. இரண்டிலும் தகட்டின் நடுப்புள்ளி அசையாமல் இருக்க வேண்டும். இந்தக் கருவியோ நடுவைப் பிடித்துத்தான் ஆட்டுகிறது. தன்னால் போட முடியாத கோலத்தைத் தன் பெட்டிக்குள்ளேயே அச்சடித்து விற்கிறார்கள். ஐந்துக்கு மூன்று கொடுக்க நினைத்திருந்தேன். இதற்காக அரை மதிப்பெண் குறைத்திருக்கிறேன்.

மிருதங்கம் இருக்கும் வீடாக இருந்தால் பெட்டியே வேண்டாம். திருச்சியில் பிறந்த சி.வி. ராமன் மிருதங்கத் தோலில் மணல் தூவி, அது எப்படிக் கோடு கட்டுகிறது என்று பார்த்து 1934-இல் கட்டுரை எழுதியிருக்கிறார். வலந்தலையின் (வலக்கைப் பக்கத் தோல்) நடுவிலுள்ள கரணை என்ற கறுப்புப் பூச்சுதான் அதன் மேற்சுரங்களை, அதாவது அடிப்படைச் சுரத்தோடு சேர்ந்து ஒலிக்கும் உயர்ந்த சுரங்களை, ஒழுங்குக்குக் கொண்டுவருகிறது என்பது அவர் கண்டது.

வாங்குவதானால் அதிர்விக்காக வாங்குங்கள், தகட்டை உள்ளூரில் வெட்டிக்கொள்ளுங்கள். வட்டத் தகட்டை நான் உறையிலிருந்து இன்னும் எடுக்கவில்லை. 320 ஹெர்ட்ஸ் நாட்டுக்கு ரயில் விட வேண்டும் என்று பேத்தி கேட்டிருக்கிறாள். மலையெல்லாம் ஓயாமல் நகர்ந்துகொண்டிருக்கும்போது தண்டவாளத்தை எங்கே போடுவது என்ற பேச்சு வீட்டில் நடக்கிறது.