விழும்போது காரணம் சொல்லும் மாட்: எம்டிஏ சான் ஆண்ட்ரியாஸ்

ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ் என்ற கணினி விளையாட்டை பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்கு போட்டு விளையாடிய கூட்டம் நாங்கள். ஒருத்தன் நாற்காலியில், மூன்று பேர் பின்னால் நின்று வேடிக்கை, மண்டையைப் போட்டால் அடுத்தவன் முறை. அப்போதே ஒரு ஆசை இருந்தது, நாலு பேரும் ஒரே நேரத்தில் அந்த ஊருக்குள் இறங்கிச் சுற்ற வேண்டும் என்று. 2005-இல் வந்த பிசி பதிப்பில் அதற்கு வழியில்லை, அது ஒற்றை ஆள் விளையாட்டு. இப்போது நாலு பேரும் நாலு ஊரில் இருக்கிறோம், சனிக்கிழமை ராத்திரி குழந்தைகள் தூங்கிய பிறகு ஒன்றரை மணி நேரம் கிடைக்கிறது, அந்த ஆசையை எம்டிஏ என்ற மாட், அதாவது விளையாட்டுக்கு வெளியாட்கள் செய்த கூடுதல் மென்பொருள், நிறைவேற்றி வைத்தது. ஆனால் முதல் மூன்று வாரம் விளையாடியதைவிட விழுந்து எழுந்ததுதான் அதிகம் (விளையாட்டு நடுவில் திடீரென்று நின்று மூடிக்கொள்வதைத்தான் விழுவது என்கிறேன்). அந்த மூன்று வாரத்தைப் பற்றித்தான் முக்கியமாக எழுதப் போகிறேன், ஏனென்றால் இந்த மாட் மேல் எனக்கு மரியாதை வந்ததே அங்கேதான்.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: எம்டிஏ என்றால் மல்ட்டி தெஃப்ட் ஆட்டோ, இணையம் வழியாகப் பலர் சேர்ந்து விளையாட வைப்பது, 2003-இல் ஜிடிஏ 3-க்காகத் தொடங்கியது, பிறகு வைஸ் சிட்டி, அப்புறம் சான் ஆண்ட்ரியாஸ். தன்னார்வலர்கள் கட்டியது, மூல நிரல் திறந்தே கிடக்கிறது, காசு எதுவும் இல்லை. உங்கள் அசல் விளையாட்டுக் கோப்புகளை அது மாற்றுவதில்லை, ஓடும்போது மேலே ஏறி உட்கார்ந்துகொள்கிறது. சர்வரில், அதாவது எல்லோரும் வந்து இணையும் கணினியில், என்ன நடக்க வேண்டும் என்பதை லுவா என்ற நிரல் மொழியில் எழுதலாம், புது கார், புது கட்டடம் எல்லாவற்றையும் சர்வரே உங்கள் கணினிக்கு அனுப்பிவிடும், நீங்கள் தனியாக எதையும் இறக்கிப் போட வேண்டாம். 2021-இல் புதுப்பித்து வந்த டெஃபினிட்டிவ் எடிஷன் மட்டும் உங்களிடம் இருந்தால் இது ஓடாது. அது வேறு எஞ்சினில் செய்த வேறு விளையாட்டு, பழைய சான் ஆண்ட்ரியாஸ்தான் வேண்டும்.

சரி, கதைக்கு வருவோம். சர்வரை நான்தான் என் வீட்டில் வைத்தேன். விளையாட்டுக்குள் இருக்கும் லாஸ் சாண்டோஸ் நகரத்தில் எல்லாம் ஒழுங்காக ஓடும். அங்கிருந்து நெடுஞ்சாலை பிடித்து லாஸ் வென்ச்சுராஸ் போய்ச் சேர்ந்தால், அரை மணி முக்கால் மணியில் ஒருத்தன் காணாமல் போவான். "மச்சான் போச்சுடா" என்று வாட்ஸாப்பில் செய்தி வரும். அடுத்த பத்து நிமிடத்தில் இன்னொருத்தன். எல்லோரும் செய்வதையே நாங்களும் செய்தோம், அழித்துவிட்டுத் திரும்ப நிறுவினோம், கிராஃபிக்ஸ் டிரைவரைப் புதுப்பித்தோம், அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டினோம், அவனவன் வீட்டு நெட்டைக் குறை சொன்னோம். இரண்டு வாரம் இப்படியே போனது. நெட் போனால் விளையாட்டு விழாது, இணைப்பு அறுந்தது என்ற செய்திதான் வரும், இந்த வித்தியாசத்தைக்கூட அப்போது நாங்கள் கவனிக்கவில்லை.

ஒவ்வொரு முறை விழும்போதும் எம்டிஏ ஒரு பெட்டி காட்டும். அதை நாங்கள் படிக்காமலே மூடிக்கொண்டிருந்தோம். பல பழைய விளையாட்டுகள் விழுந்தால் சத்தமே இல்லாமல் டெஸ்க்டாப்புக்கு வந்துவிடும், அந்தப் பழக்கம். மூன்றாவது வாரம் நான் குழுவில் ஒன்று சொன்னேன்: அந்தப் பெட்டி வந்தால் மூடாதே, போனில் போட்டோ எடுத்து அனுப்பு. அந்த ராத்திரியே நாலு போட்டோ வந்தது, விஷயம் பாதி விளங்கிவிட்டது.

பெட்டியில் நிறைய எண்கள் இருக்கும், பயப்பட வேண்டாம், மூன்று வரி போதும். முதலாவது மாட்யூல், அதாவது எந்தக் கோப்புக்குள் ஓடிக்கொண்டிருந்தபோது விழுந்தது என்பது. இரண்டாவது கோட், இது பெரும்பாலும் 0எக்ஸ்சி0000005 என்றுதான் இருக்கும், தனக்குச் சொந்தமில்லாத நினைவகத்தைத் தொட்டுவிட்டது என்று பொருள், இதை வைத்துத் தனியாக ஒன்றும் கண்டுபிடிக்க முடியாது. மூன்றாவது ஆஃப்செட், அந்தக் கோப்பின் எந்த இடத்தில் விழுந்தது என்ற முகவரி. இதுதான் தங்கம். யோசித்துப் பாருங்கள், விளையாட்டின் எக்ஸி கோப்பு, அதாவது ஓடும் நிரல், மாறாமல் அப்படியே இருக்கிறது. அதனால் சென்னையில் ஒருவருக்கும் போலந்தில் ஒருவருக்கும் மாட்யூல் ஜிடிஏ எஸ்ஏ எக்ஸி என்றும், ஆஃப்செட் ஒரே எண்ணாகவும் வந்தால், இரண்டு பேரும் விழுந்தது ஒரே வரியில். எம்டிஏ விக்கியில் இப்படி அடிக்கடி வரும் ஆஃப்செட்களைப் பட்டியல் போட்டு, ஒவ்வொன்றுக்கும் என்ன காரணம் என்று எழுதியே வைத்திருக்கிறார்கள். இருபது வருடத்துக்கு முந்தைய, மூல நிரல் கையில் இல்லாத ஒரு விளையாட்டுக்கு, வெளியாட்கள் உட்கார்ந்து இதைச் செய்திருக்கிறார்கள். எனக்கு அதைப் பார்த்தபோது உண்மையிலேயே நெகிழ்ச்சியாக இருந்தது.

எங்கள் நாலு போட்டோவில் மூன்றில் ஒரே மாட்யூல், ஒரே ஆஃப்செட். நாலாவது முற்றிலும் வேறு. ஆக, இத்தனை நாள் ஒரே பிரச்சினை என்று நினைத்து ஒரே மருந்தைத் தேடிக்கொண்டிருந்தது தப்பு, இரண்டு நோய் இருந்திருக்கிறது.

முதலில் அந்த மூன்று. மாடல்களை, அதாவது வண்டி, கட்டடங்களின் உருவங்களை, ஏற்றும் இடத்தில் நினைவகம் போதாமல் விழுகிறது என்று விக்கி சொன்னது. என் கணினியில் 16 ஜிபி ரேம் இருக்கிறதே, எப்படிப் போதாமல் போகும்? இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். சான் ஆண்ட்ரியாஸ் 32 பிட் விளையாட்டு. எவ்வளவு ரேம் வாங்கிப் போட்டாலும் அதிகபட்சம் 4 ஜிபி முகவரிக்கு மேல் அதனால் எட்டிப் பார்க்கவே முடியாது, அதற்குள்தான் விளையாட்டு, எம்டிஏ, சர்வர் அனுப்பும் மாடல்கள் எல்லாமே இருந்தாக வேண்டும். மாடல்களை அனுப்பியது யார்? என் சர்வர். நான் ஆசை ஆசையாக நம்மூர் டவுன் பஸ், ஆட்டோ, பழைய அம்பாசிடர் என்று 14 வண்டிகளைத் தேடிப் பிடித்துப் போட்டிருந்தேன்.

ஒரு கணக்கு போட்டுப் பார்த்தேன். வண்டியின் பெயின்ட், எழுத்து, சீட் துணி எல்லாம் டிஎக்ஸ்டி கோப்புக்குள் படங்களாக இருக்கும். 2048-க்கு 2048 அளவுள்ள ஒரு படம், சுருக்காமல் 32 பிட் வண்ணத்தில் இருந்தால் 16 எம்பி. அதே படம் டிஎக்ஸ்டி1 என்ற முறையில் சுருக்கினால் 2 எம்பி. (கோப்பின் பெயரும் சுருக்கும் முறையின் பெயரும் தமிழில் எழுதும்போது ஒன்றுபோலவே வருகின்றன, எண்ணோடு இருப்பது சுருக்கும் முறை.) கண்ணாடி மாதிரி ஊடுருவித் தெரிய வேண்டியவற்றுக்கு டிஎக்ஸ்டி5, அது 4 எம்பி. என் டவுன் பஸ்ஸில் இப்படிச் சுருக்காத படங்கள் ஆறு இருந்தன, ஒரே பஸ்ஸுக்குக் கிட்டத்தட்ட 100 எம்பி. சக்கரத்தின் நட்டுக்குக்கூட 2048 அளவில் ஒரு படம்! ஓடும் வண்டியில் அதை யார் பார்க்கப் போகிறார்கள். அசல் விளையாட்டின் படங்களோ இதில் ஒரு துளி அளவுக்குத்தான் இருக்கும், பிஎஸ்2 ஓட்டுவதற்காகச் செய்த விளையாட்டு அது.

எம்டிஏவில் எஃப்8 அழுத்தினால் கன்சோல் வரும், அதில் ஷோமெம்ஸ்டாட் என்று அடித்தால் நினைவகம் எவ்வளவு போகிறது என்று திரையிலேயே ஓடும். அதைப் போட்டுவிட்டு லாஸ் வென்ச்சுராஸ் பக்கம் ஓட்டினேன். என் வண்டிகளை நான் நிறுத்தி வைத்திருந்த கேசினோ தெருவுக்குள் நுழைந்ததும் எண் சரசரவென ஏறியது. லாஸ் சாண்டோஸில் ஏன் விழவில்லை என்பதற்கும் அதுவே பதில், அங்கே நான் ஒரு வண்டிகூட வைக்கவில்லை. இரண்டு வாரம் நெட்டைத் திட்டினோம், காரணம் கேசினோ தெருவில் நின்றுகொண்டிருந்தது.

மேஜிக் டிஎக்ஸ்டி என்ற இலவசக் கருவியில் ஒவ்வொரு கோப்பாகத் திறந்தேன், படங்களை 512-க்குக் குறைத்தேன், எழுத்து தெரிய வேண்டிய முன்பலகையை மட்டும் 1024-இல் விட்டேன், அம்பாசிடரைப் பிறகு பார்க்கலாம் என்று சர்வரிலிருந்து எடுத்துவிட்டு மற்ற எல்லாவற்றையும் சுருக்கினேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க ஆனது. பார்வைக்கு வித்தியாசம் எனக்கே தெரியவில்லை. அதற்குப் பிறகு அந்த ஆஃப்செட்டை நாங்கள் பார்க்கவே இல்லை.

நாலாவது நண்பன் கதை வேறு. அவன் பெட்டியில் மாட்யூல் என்ற இடத்தில் விளையாட்டின் பெயரும் இல்லை, எம்டிஏவின் கோப்பு எதுவும் இல்லை, திரையின் மூலையில் எஃப்பிஎஸ் (நொடிக்கு எத்தனை படங்கள் என்ற கணக்கு) காட்டும் ஓவர்லே மென்பொருள் ஒன்றின் கோப்பு இருந்தது. அதை நிறுத்தினான், அவ்வளவுதான், முடிந்தது. மாட்யூல் வரியைப் படிப்பது இதனால்தான் முக்கியம். டிரைவரின் கோப்பு என்றால் டிரைவர் பக்கம் போங்கள், ஓவர்லே என்றால் அதை மூடுங்கள், க்ளையன்ட் அல்லது கோர் என்று வந்தால் அது எம்டிஏவின் சொந்தக் கோப்பு, புதிய பதிப்பு இருக்கிறதா என்று பார்ப்பதுதான் முதல் வேலை. அவனுக்கே பிறகு இன்னொன்றும் வந்தது. கல்லூரிக் காலத்தில் விளையாட்டின் மாடல்கள் இருக்கும் ஜிடிஏ3 ஐஎம்ஜி கோப்புக்குள் அவன் ஏதேதோ வண்டிகளின் தோற்றத்தை மாற்றி வைத்திருந்தான், எந்த வண்டி என்று அவனுக்கே நினைவில்லை. எம்டிஏ செட்டிங்ஸில் மாற்றப்பட்ட கோப்புகளைப் பயன்படுத்தலாமா என்று ஒரு விருப்பம் இருக்கிறது, அதை அணைத்தான், ஆனாலும் நிம்மதியில்லாமல் கடைசியில் சுத்தமான கோப்பையே போட்டுவிட்டான். அதைத்தான் நானும் சொல்வேன்.

மற்றவற்றைச் சட்டென்று சொல்லிவிடுகிறேன். இரண்டு கிராஃபிக்ஸ் இருக்கும் லேப்டாப்பில் கறுப்புத் திரை வந்தால், எம்டிஏவே என்விடியா ஆப்டிமஸுக்கு என்று ஒரு தேர்வுப் பெட்டி காட்டும், ஒவ்வொன்றாக மாற்றிப் பாருங்கள். ஆன்ட்டிவைரஸ் கோப்பைத் தூக்கிவிட்டால் எம்டிஏ ஃபோல்டரை விலக்குப் பட்டியலில் சேருங்கள். வீட்டில் சர்வர் வைப்பவர்கள் யுடிபி 22003, டிசிபி 22005, யுடிபி 22126 என்ற மூன்று போர்ட்களையும் (வெளியிலிருந்து இணையும் வாசல்கள்) திறக்க வேண்டும். பல நெட் கம்பெனிகள் தனி ஐபி (வெளியிலிருந்து உங்கள் வீட்டு நெட்டை அடையும் முகவரி) தருவதில்லை, எனக்கும் அப்படித்தான், காசு கட்டித்தான் வாங்கினேன். லுவா நிரலில் பிழை இருந்தால் விளையாட்டு விழாது, டீபக்ஸ்கிரிப்ட் 3 என்று கன்சோலில் அடித்தால் பிழை திரையில் தெரியும்.

குறைகளும் உண்டு. அந்தப் பெட்டி எண்களைக் கொட்டுகிறதே தவிர, "நினைவகம் போதவில்லை, சர்வரின் மாடல்கள் பெரிதாக இருக்கலாம்" என்று ஒரு வரி சாதாரண மொழியில் சொன்னால் எத்தனையோ பேர் இரண்டு வாரம் அலைய மாட்டார்கள். விக்கிப் பக்கமும் நிரல் எழுதுபவர்களை மனதில் வைத்து எழுதியது மாதிரி இருக்கிறது, ஆங்கிலமும் கடினம், ஆட்டோ ஓட்டும் என் அத்தை மகனுக்கு நான்தான் உட்கார்ந்து படித்துச் சொன்னேன். பெரிய பொது சர்வர்களில் நுழைந்தால் நூற்றுக்கணக்கான எம்பி இறங்கும், அந்தச் சர்வர்காரர் படங்களைச் சுருக்கினாரா இல்லையா என்பது உங்கள் கையில் இல்லை, அங்கே விழுந்தால் உங்களால் செய்ய முடிவது கொஞ்சம்தான். எம்டிஏவைக் குற்றம் சொல்வதற்கு முன் வேறொரு சர்வரில் அரை மணி நேரம் ஓட்டிப் பாருங்கள்.

இதேபோல் சான் ஆண்ட்ரியாஸைப் பலர் சேர்ந்து விளையாட வைக்கும் இன்னொரு மாடான எஸ்ஏ-எம்பியோடு ஒப்பிடச் சொல்லிக் கேட்பார்கள். ஆட்கள் கூடும் ரோல்பிளே (ஒரு பாத்திரமாகவே நடித்து விளையாடும்) சர்வர்கள் அங்கே நிறைய, அதைத் தொடர்ந்து ஓபன் எம்பி என்றும் ஒன்று வந்திருக்கிறது. நாலு பேர் சொந்தமாக ஒரு ஊர் கட்டி, சொந்த மாடல் போட்டு, உடைந்தால் தாங்களே பிரித்துப் பார்க்க விரும்பினால் எம்டிஏதான் என் தேர்வு. விழுந்த ஒவ்வொரு முறையும் டம்ப்ஸ் ஃபோல்டரில் ஒரு கோப்பு எழுதி வைக்கிறது, எம்டிஏ டயாக் என்ற கருவி உங்கள் கணினியின் விவரங்களைத் திரட்டித் தருகிறது, இரண்டையும் கொடுத்து உதவி கேட்டால் படிக்கத் தெரிந்தவர்கள் பதில் சொல்கிறார்கள். "விளையாட்டு விழுகிறது, உதவுங்கள்" என்று மட்டும் எழுதினால் யாராலும் எதுவும் சொல்ல முடியாது.

ஐந்துக்கு நாலரை தருவேன். போன சனிக்கிழமை மூன்றேகால் மணி நேரம் ஓட்டினோம், லாஸ் சாண்டோஸிலிருந்து லாஸ் வென்ச்சுராஸ் வரை நாலு பேரும் ஒரே பஸ்ஸில், ஒருத்தன் கண்டக்டராக விசில் அடித்துக்கொண்டே வந்தான், ஒருவரும் விழவில்லை. அம்பாசிடரின் டிஎக்ஸ்டி மட்டும் இன்னும் சுருக்காமல் கிடக்கிறது, அதை முடித்துவிட்டுத்தான் திரும்ப சர்வரில் ஏற்ற வேண்டும்.