கோட்டை வாசல் சங்கும் பூச்சி ராஜாவும்: ‘ஹாலோ நைட்’ ஆடிய அனுபவம்

செங்கோட்டை பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். ஆரியங்காவுக் கணவாய் வழியாகக் காற்று திரும்பி, சாரல் பிடித்துவிட்டால் மத்தியானத்துக்கு மேல் கடையில் ஈ ஆடும். ஆதார் நகல் எடுக்க ஒருத்தர், ரேஷன் கார்டோடு ஒருத்தர், அவ்வளவுதான். அப்படி ஒரு நாள், புனலூரில் கட்டிக் கொடுத்த அக்காவின் மகன் லீவுக்கு வந்தவன், கடைக் கம்ப்யூட்டரில் ‘ஹாலோ நைட்’ என்ற இந்த விளையாட்டை ஏற்றிவிட்டான்.

“ஏலே, இது பூச்சிப் படம்லா? சின்னப் பிள்ளைங்க ஆடுறது” என்றேன்.

“ஆடிப் பாருங்க மாமா, கொள்ளாம்” என்றான். பாதி மலையாளம் அவனுக்கு.

மூன்று வாரத்தில் நாற்பது மணி நேரத்துக்கு மேல் ஆடியிருக்கிறேன். வயது நாற்பத்து மூன்று. கட்டைவிரலில் காப்பு காய்த்திருக்கிறது. அதனால் இந்த விமர்சனத்தைக் கொஞ்சம் உரிமையோடு எழுதுகிறேன். கதை முடிச்சுகளை அவிழ்த்துத்தான் பேசப்போகிறேன். ஆட நினைப்பவர்கள் கடைசிப் பத்தியை மட்டும் படித்துவிட்டு ஓடிவிடலாம்.

ஆஸ்திரேலியாவில் அடிலெய்டு நகரத்தில் இருக்கும் டீம் செர்ரி என்ற சின்னக் குழு செய்தது. 2014ல் கிக்ஸ்டார்ட்டரில் பொதுமக்களிடம் பணம் திரட்டினார்கள். சுமார் 57,000 ஆஸ்திரேலிய டாலர் சேர்ந்தது. 2017 பிப்ரவரியில் வெளியானது. எல்லாம் கையால் வரைந்த படங்கள். கிறிஸ்டோபர் லார்கின் இசை. பழைய கம்ப்யூட்டரிலும் ஓடுகிறது, 9 ஜிபி இடம் போதும்.

விஷயம் இதுதான். டர்ட்மவுத் என்று ஒரு பாழடைந்த கிராமம். ஒரு கிழட்டுப் பூச்சி மட்டும் விளக்குக் கம்பத்தடியில் நின்றுகொண்டு வருகிறவர்களை விசாரிக்கும். ஊர் நடுவே கிணறு. அதில் இறங்கினால் ஹாலோநெஸ்ட் என்ற ராஜ்யம், பூமிக்குள் அடுக்கடுக்காக. ஒரு காலத்தில் பூச்சிகள் அரண்மனை கட்டி, டிராம் ஓட்டி, சட்டதிட்டத்தோடு வாழ்ந்த நாடு. வெள்ளை முகமூடி போட்ட ஒரு சின்ன வீரனாக நாம் போகும்போது எல்லாம் முடிந்துவிட்டது. காவலாளிகள் இன்னும் ரோந்து போகிறார்கள், ஆனால் கண் மட்டும் ஆரஞ்சு நிறத்தில் எரிகிறது. புத்தி போய்விட்டது. சீழ் மாதிரி ஏதோ உள்ளே நிரம்பியிருக்கிறது.

யார் செய்தது, ஏன் என்று ஒருவரும் உட்கார வைத்துச் சொல்வதில்லை. கல்வெட்டு, சிலை, செத்தவனின் நினைவு என்று பொறுக்கிப் பொறுக்கிச் சேர்க்க வேண்டும். எனக்கு அது பிடித்ததற்குக் காரணம் ஊர்தான். எங்கள் கோட்டை வாசல் வளைவில் திருவிதாங்கூர் சங்கு முத்திரை இன்னும் இருக்கிறது. 1956 நவம்பர் 1 வரை நாங்கள் அந்தப் பக்கம். அதன் கீழே தினமும் பைக்கில் போகிறோம், யாரும் அண்ணாந்து பார்ப்பதில்லை. ஹாலோநெஸ்டில் திரும்பிய இடமெல்லாம் அந்த மாதிரி முத்திரைதான். ராஜா மட்டும் எங்கும் இல்லை.

அந்த ராஜாவுக்குப் பெயர் பேல் கிங். வெளிறிய அரசர் என்று வைத்துக்கொள்ளுங்கள். முதலில் அவர் மலைபோல் நீண்ட ஒரு புழு. அந்த உடம்பை ராஜ்யத்தின் ஓரத்தில் போட்டுவிட்டு, சின்ன உருவமாகப் புதிதாய்ப் பிறந்து, பூச்சிகளுக்கு அறிவு கொடுத்து நாட்டைக் கட்டினார். அந்தப் பழைய உடம்பு இன்னும் சாம்பலாக உதிர்ந்துகொண்டிருக்கிறது. நாம் அதைப் பனி என்று நினைத்துக்கொண்டு நடக்கிறோம்.

அவருக்கு முன்பே அங்கே ஒரு சாமி இருந்தது. ரேடியன்ஸ், ஒளி வடிவம். அதன் பிள்ளைகள் விட்டில் பூச்சிகள். ராஜா வந்ததும் விட்டில்கள் அந்தப் பக்கம் சாய்ந்து, பழைய சாமியை மறந்தே போனார்கள். விளக்கைத் தேடிப் போவது விட்டிலின் குணம், வேறு விளக்கு கிடைத்ததும் மாறிவிட்டார்கள். ஆனால் படிக மலை உச்சியில் ஒரு சிலை மிச்சமிருந்தது. அந்தச் சிலை போதும். மறக்கப்பட்ட சாமி கனவில் வர ஆரம்பித்தது. கனவு கண்டவனெல்லாம் நோயாளி ஆனான். அதுதான் அந்த ஆரஞ்சுச் சீழ்.

எங்கள் பக்கத்தில் கொடை நின்றுபோன சாமி கனவில் வந்து கேட்கும் என்று ஆச்சி சொல்லுவாள். பொங்கல் வைத்துவிட்டால் சரியாகிவிடும். இந்த ராஜா பொங்கல் வைக்கவில்லை, பூட்டுப் போடப் பார்த்தார்.

எப்படி? மனம் இல்லாத, ஆசை இல்லாத, அழக் குரலும் இல்லாத ஒரு பாத்திரம் செய்து, அதற்குள் அந்தச் சாமியை அடைத்துவிடலாம் என்று திட்டம். பாத்திரம் என்றால் அவர் பெற்ற பிள்ளைகள். பூமிக்கு அடியில் ஒரு கரிய பள்ளம், அதில் முட்டைகளை இட்டு, ஏறி வருகிறவனில் குறை இல்லாத ஒருவனைப் பொறுக்கியெடுத்தார். மற்றவர்கள்? அந்தப் பள்ளத்துக்கு நாமே இறங்கிப் பார்க்கலாம். கால் வைக்கிற இடமெல்லாம் வெள்ளை முகமூடிகள், குவியல் குவியலாக. அத்தனையும் நம் முகம். நாம் ஆட்டிவைக்கிற அந்தச் சின்ன வீரனும் அந்தக் குவியலில் இருந்து தப்பியவன்தான் என்று அங்கே தெரிகிறது. அன்றைக்குக் கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு டீ குடிக்கப் போய்விட்டேன்.

தேர்ந்தெடுத்த பிள்ளைதான் ஹாலோ நைட். அவனைச் சங்கிலியில் கட்டிக் கருப்பு முட்டைக்குள் அடைத்து, மூன்று பேரைத் தூங்க வைத்து முத்திரையிட்டார்கள். காவல் பார்க்கும் லூரியன், கற்பிக்கும் மோனோமான், ஆழக்கூடு என்ற இருட்டுப் பகுதியின் சிலந்தி ராணி ஹெர்ரா. இதில் ஹெர்ரா சும்மா சம்மதிக்கவில்லை. எனக்கு ஒரு பிள்ளை வேண்டும் என்று ராஜாவிடம் பேரம் பேசினாள். அப்படிப் பிறந்தவள்தான் ஹார்னெட், சிவப்பு அங்கியோடு ஊசி வீசி நம்மை ரெண்டு தடவை மறிக்கிறாளே, அவள்.

ஆனாலும் முத்திரை நிற்கவில்லை. பாத்திரத்தில் விரிசல். ஏன் என்பதை விளையாட்டின் மகாக் கொடூரமான ஒரு பாதையை முடித்தவர்களுக்கு மட்டும், சில நொடிக் காட்சியாகக் காட்டுகிறார்கள். என்னால் முடியவில்லை, மருமகன் முடித்துக் காட்டினான். அரண்மனை மாடத்தில் ராஜாவும் சின்னப் பிள்ளையாக ஹாலோ நைட்டும் நிற்கிறார்கள். ஒருவரையொருவர் திரும்பிப் பார்க்கிறார்கள். அவ்வளவுதான். பாத்திரம் காலியாக இல்லை, அப்பா என்ற நினைப்பு அதற்குள் இருந்திருக்கிறது.

இதில் யார் வில்லன் என்று எனக்கும் மருமகனுக்கும் எங்கள் ஊரை ஒட்டிய பிரானூர் பார்டரில் புரோட்டா சாப்பிட்டுக்கொண்டே பெரிய வாக்குவாதம்.

“ரேடியன்ஸ்தான் மாமா. அத்தனை பேரையும் நோயாளி ஆக்குனது அதுதானே. ராஜா காப்பாத்தத்தானே பார்த்தாரு?”

“பெத்த பிள்ளைங்கள பள்ளத்துல தள்ளியா?”

“வேற வழி?”

வேறு வழி இருந்ததா என்று ராஜா தேடிய தடயமே இல்லை என்பதுதான் என் கட்சி. ஊரைக் காப்பாற்ற எந்த விலையும் அதிகமில்லை என்று அவர் முடிவு கட்டினார். விலை கொடுத்தது யாரென்று பார்த்தால் பட்டியலில் அவர் பெயர் இல்லை. கடைசியில் அரண்மனையோடு ஒரு கனவுக்குள் போய் ஒளிந்துகொண்டார். தேடிப் போனால் சிம்மாசனத்தில் செத்துக் கிடக்கிறார். சண்டை கிடையாது, வசனம் கிடையாது. நம் ஆயுதமான ஆணியால் தட்டினால் சரிந்து விழுகிறார். இத்தனை மணி நேரம் யாருடைய சிலைக்குக் கீழே நடந்தோமோ அவர் ஒரு பொம்மைபோல் கீழே விழும்போது கோபப்படக்கூட முடியவில்லை.

சில்லறை வில்லன்களும் உண்டு. கண்ணீர் நகரத்தில் சோல் மாஸ்டர் என்று ஒரு பண்டிதர். நோய்க்கு மருந்து கண்டுபிடிக்கிறேன் என்று ஊர்க்காரர்களின் உயிரை உறிஞ்சி, பிணங்களைக் குவித்து வைத்திருக்கிறார். அவரை அடித்து வீழ்த்தி, அப்பாடா என்று கட்டைவிரலைச் சொடக்கெடுத்தேன். செத்த மாதிரி நடித்தவர் தரையை உடைத்துக்கொண்டு மறுபடி வந்தார். நான் செத்தேன்.

அதற்கு நேரெதிர் கும்பிடுபூச்சிகள். நோயை ஏற்க மறுத்து, புத்தியோடு தனியாக வாழ்கிற இனம். மூன்று தலைவர்களையும் ஜெயித்தால் எழுந்து நின்று நமக்குத் தலை வணங்குகிறார்கள். அப்புறம் அந்த ஊரில் ஒருத்தனும் நம்மைத் தொடுவதில்லை. நாலாவது தலைவன் மட்டும் பலத்துக்கு ஆசைப்பட்டு நோயை விரும்பி வாங்கிக்கொண்டு போனவன், ராணியின் தோட்டத்தில் தனியாக வருவான். இந்த விளையாட்டிலேயே நான் மனசார அடித்தது அவனைத்தான்.

மில்லிபெல் என்ற அம்மாள் ‘பேங்க்’ நடத்துகிறாள். செத்தால் கையிலிருக்கும் பணம் போய்விடும் என்ற பயத்தில் கொண்டுபோய்ப் போட்டேன். அடுத்த தடவை போனால் அவளும் இல்லை, பணமும் இல்லை. எங்கள் தெருவில் சீட்டுப் பிடித்த ஒரு புண்ணியவான் ராத்திரியோடு ராத்திரியாக மலை தாண்டிப் போன ஞாபகம் வந்தது. ஒரு வித்தியாசம், மில்லிபெல்லைக் கண்ணீர் நகரத்துக் கேளிக்கை விடுதியில் கண்டுபிடித்து, அடிக்க அடிக்கப் பணம் உதிரும். நிஜத்தில் அந்த வசதி இல்லை.

கண்ணீர் நகரத்தைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. பூமிக்கு அடியில் இருக்கிற ஊர், ஆனால் மழை நிற்பதே இல்லை. மேலே ஒரு ஏரி, அதன் நீர்தான் பாறை வழியாகச் சொட்டுகிறது. ஜன்னல் ஓரமாகப் பெஞ்சில் உட்கார்ந்து மழையைப் பார்க்கலாம். கடைக்கு வெளியே சாரல், உள்ளே ஸ்பீக்கரில் சாரல். நகல் எடுக்க வந்த ஒரு டீச்சரம்மா, “தம்பி, ஓட்டைல தண்ணி ஒழுகுதா?” என்று கூரையைப் பார்த்தார்கள்.

நடுச்சதுக்கத்தில் ஹாலோ நைட்டுக்கு ஒரு நீரூற்றுச் சிலை. அவன் தியாகத்தால் ராஜ்யம் என்றும் நிலைக்கும் என்று பட்டயம். சுற்றிலும் ஒரு உயிர் இல்லை.

அதே ஊரில் லெம் என்கிற சிடுமூஞ்சி, அழிந்த ராஜ்யத்தின் பொருள்களை விலைக்கு வாங்குகிறார். பயணியின் குறிப்பேட்டுக்கு 200, ராஜ முத்திரைக்கு 450, ராஜாவின் குட்டிச் சிலைக்கு 800. உயிரோடு இருக்கும் யாரோடும் பேச அவருக்கு விருப்பமில்லை. என் மேசை இழுப்பறையில் ஆச்சி வைத்துவிட்டுப் போன திருவிதாங்கூர் சக்கரக் காசு அஞ்சு கிடக்கிறது. ஒருத்தர் கேட்டார், விலை படியவில்லை. லெம்மிடம் ராஜா சிலையை விற்கும்போது மட்டும் ஏனோ ரெண்டு நிமிஷம் யோசித்தேன். அப்புறம் விற்றுவிட்டேன், 800 ஆயிற்றே.

குறை இல்லாமல் இல்லை. வரைபடக்காரர் கார்னிஃபர் எங்கே உட்கார்ந்து ஹம் பண்ணுகிறார் என்று காதை வைத்துத் தேட வேண்டும். அவர் விற்பது அரைகுறைப் படம். மீதியை வரைய இறகு, நாம் நிற்கும் இடம் தெரியத் திசைகாட்டி, எல்லாம் அவர் மனைவியிடம் தனியாக வாங்க வேண்டும். குடும்பமாகச் சம்பாதிக்கிறார்கள். ஆழக்கூட்டின் இருட்டில் வரைபடமே இல்லாமல் ராத்திரி ஒரு மணி வரை சுற்றினேன். சிலந்திக்குப் பயப்படுகிறவர்கள் அந்தப் பக்கம் வரவே வேண்டாம். ராஜாவின் வெள்ளை அரண்மனை முழுக்கச் சுழல்கிற ரம்பம். எந்த ராஜா தன் நடைபாதையில் மர அறுவை மில் வைப்பார்? அந்த மூன்று நாளும் நான் பேசிய வார்த்தைகளை எழுத முடியாது. தமிழ் கிடையாது, ஆங்கிலமும் செய்யுள் மாதிரி பழைய நடை. மருமகன் பக்கத்தில் இல்லையென்றால் பாதி எனக்குப் பிடிபட்டிருக்காது.

முடிவு ஒன்றல்ல, பல. அவசரப்பட்டுப் போனால் ஹாலோ நைட்டைக் கொன்று, அவன் இடத்தில் நாமே கட்டுண்டு உட்காருவோம். முதல் தடவை எனக்கு அப்படித்தான் ஆனது. கனவுக்குள் புகுந்து ரேடியன்ஸையே சந்திக்கும் வழி வேறு. அதற்கு விட்டில் இனத்தில் மிஞ்சிய ஒரே கிழவியிடம் கனவுச் சாரம் சேர்த்துக் காட்ட வேண்டும். 2,400 சேர்ந்ததும், தன் இனம் செய்த துரோகத்தைச் சொல்லிவிட்டு அவளும் கரைந்து போகிறாள். இந்தக் கதையில் குற்றத்தை ஒப்புக்கொண்ட ஆள் என்று யோசித்தால் எனக்கு அந்தக் கிழவிதான் ஞாபகம் வருகிறாள். ராஜாவின் வாயிலிருந்து அப்படி ஒரு சொல் நான் கேட்கவில்லை.

வாங்கலாமா என்றால், தாராளமாக. தள்ளுபடியில் வாங்கினால் நாலு பேர் பார்டரில் நாட்டுக்கோழியோடு சாப்பிடும் செலவுகூட ஆகாது. பின்னால் வந்த கூடுதல் பகுதிகள் இலவசம். அழிந்த ராஜ்யங்களாகத் தேடிப்போய்க் கூடாரம் அடிக்கும் கிரிம் என்பவரின் கூத்துக் கம்பெனியும் அதில் சேர்த்தி. கீபோர்டில் ஆடாதீர்கள், கையில் பிடித்து ஆடும் கேம்பேடு வாங்கிக்கொள்ளுங்கள். ஹார்னெட்டை நாயகியாக வைத்து 2025 செப்டம்பரில் ‘சில்க்சாங்’ வந்துவிட்டது, அதற்குத் தாவாமல் இதிலிருந்தே தொடங்குங்கள். ஒரே ஒரு வேண்டுகோள்: படிக மலைக்குப் போகும் வழியில் மைலா என்று ஒரு சுரங்கக்காரப் பெண் பாறையை உடைத்துக்கொண்டே பாடிக்கொண்டிருப்பாள். முதல் தடவை பார்க்கும்போதே நின்று முழுப் பாட்டையும் கேட்டுவிடுங்கள். நான் அப்புறம் கேட்டுக்கொள்ளலாம் என்று மலை ஏறிவிட்டேன். திரும்பி வந்தபோது அவள் கண்ணும் ஆரஞ்சு நிறமாகியிருந்தது.