ஸ்லேடு: ஆறாண்டுப் பழக்கத்தில் தெரிந்துகொண்டவை

1993இல் வெளிவந்த டூம் என்ற கணினி விளையாட்டின் கோப்புகளைத் திறந்து பார்ப்பதற்கு ஆறு ஆண்டுகளாக நான் பயன்படுத்திவரும் மென்பொருள் ஸ்லேடு. பிக்சல் ஓவியம் பழகத் தொடங்கிய நாட்களில், 256 நிறங்களுக்குள் அந்தக் காலத்து ஓவியர்கள் எப்படி நிழல் காட்டினார்கள் என்று பார்க்கத்தான் அதை நிறுவினேன். விண்டோஸ், லினக்ஸ், மேக் மூன்றிலும் இயங்கும் இந்தக் கட்டற்ற மென்பொருள் இலவசமாகவே கிடைக்கிறது.

டூமின் படங்களும் ஒலிகளும் தளவரைபடங்களும் ‘வாட்’ என்ற ஒரே கோப்புக்குள் அடைந்திருக்கின்றன. தொடக்கத்தில் 12 பைட் தலைப்பு. பிறகு ஓர் அடைவு. அதில் ஒவ்வோர் உருப்படிக்கும் 16 பைட். உருப்படி எங்கே தொடங்குகிறது, எவ்வளவு நீளம், எட்டு எழுத்துக்கு மிகாத அதன் பெயர் என்ன என்ற மூன்று செய்திகளே அங்கு உண்டு. அது படமா ஒலியா என்று குறிக்க இடமே இல்லை. ஆகவே உள்ளடக்கத்தைப் படித்து வகையை ஊகிப்பது மென்பொருளின் பொறுப்பாகிறது. ஸ்லேடின் திறமை இந்த ஊகத்தில்தான் இருக்கிறது. என் அனுபவத்தில் அது தவறியது மிக அரிது.

ஆனால் திரையில் தெரியும் படத்தை அப்படியே நம்பிவிடக் கூடாது என்பதை நான் பட்டுத்தான் கற்றேன். டூம் 320க்கு 200 என்ற அளவில் வரையப்பட்டு, 4:3 திரையை நிரப்பும்படி நீட்டிக் காட்டப்பட்டது. அதனால் ஒவ்வொரு பிக்சலும் அகலத்தைவிட உயரத்தில் ஐந்தில் ஒரு பங்கு கூடுதலாக இருந்தது. இதற்கான திருத்தம் ஸ்லேடில் உண்டு என்றாலும், அதை இயக்காமலேயே சில மாதங்கள் பார்த்து வரைந்தேன். என் பயிற்சி ஏட்டில் உள்ள அரக்கர்கள் அனைவரும் குள்ளமாகவும் பருமனாகவும் இருப்பதற்கு அதுவே காரணம்.

இன்னொரு தவறு இதைவிடச் சங்கடமானது. இம்ப் என்ற அரக்கனின் ஒரு படத்தை பிஎன்ஜி என்ற படக்கோப்பு வடிவில் வெளியே எடுத்து, வேறொரு வரைகலை மென்பொருளில் நிறம் மாற்றி, மீண்டும் உள்ளே சேர்த்தேன். விளையாட்டில் அந்த ஒரு படம் வரும்போதெல்லாம் இம்ப் தரையில் நிற்காமல் கீழே இறங்கி, வலப்பக்கம் விலகித் தெரிந்தது. படத்தின் எந்தப் புள்ளி தரையைத் தொட வேண்டும் என்ற இருப்பிடக் குறிப்பை ஸ்லேடு பிஎன்ஜிக்குள் ‘கிராப்’ என்ற சிறு துண்டாக எழுதி வைக்கிறது. வரைகலை மென்பொருள் சேமிக்கும்போது அந்தத் துண்டைக் கைவிட்டிருந்தது. படங்களைத் தேர்ந்தெடுத்து, இருப்பிடத்தை மாற்றும் பெட்டியில் ‘அரக்கன்’ வகையைக் கொடுத்தால் ஸ்லேடே கணக்கிட்டுச் சரிசெய்துவிடும். இந்த வசதியைக் கண்டுபிடிப்பதற்குள் நாற்பது படங்களுக்குக் கையாலேயே எண்களை நிரப்பியிருந்தேன்!

சுவர்ப் படங்களைத் தேடி வருபவர்களுக்கும் ஓர் எச்சரிக்கை. மொத்தமாக எக்ஸ்போர்ட் செய்தால் கிடைப்பவை ‘பேட்ச்’ எனப்படும் துண்டுகளே. எந்தத் துண்டு எங்கே ஒட்டப்பட்டு முழுச்சுவர் உருவாகிறது என்ற குறிப்பு தனி உருப்படியாக இருப்பதால், ஸ்லேடின் டெக்ஸ்ச்சர் எடிட்டரைத் திறந்தால்தான் முழு உருவம் தெரியும். புதிதாக வருபவருக்கு மென்பொருள் இதைச் சொல்வதில்லை; என் நெடுநாள் குறை இது.

யூனிட்டி என்ற விளையாட்டு உருவாக்கும் மென்பொருளில் செய்த விளையாட்டுகளுக்கு ஸ்லேடுக்குப் பதிலாக அசெட்ஸ்டுடியோ என்ற கருவியைப் பயன்படுத்துகிறேன். முன்னோட்டம் காட்டுவதிலும் வெளியே எடுப்பதிலும் அது விரைவானது. மாற்றியதைத் திரும்ப உள்ளே வைக்க அதில் வழியில்லை. அதில் எடுக்கும் நார்மல் மேப்புகள் (பரப்பின் மேடுபள்ளத்தை நிறங்களாகக் குறிக்கும் படங்கள்) சில நேரம் வழக்கமான நீல நிறத்தில் இல்லாமல் வேறு நிறத்தில் வந்தால் கோப்பு கெட்டுவிட்டதாக அஞ்ச வேண்டாம். கிடைமட்ட மதிப்பைச் சிவப்புச் சேனலுக்குப் பதிலாக, வழக்கமாக ஒளிபுகும் அளவைக் குறிக்கும் ஆல்ஃபா சேனலில் வைக்கும் சுருக்க முறையே அதற்குக் காரணம். அதைச் சிவப்புக்கு மாற்றி, நீலச் சேனலை மற்ற இரண்டிலிருந்தும் கணக்கிட்டு நிரப்பினால் சரியாகிவிடும்.

எடுத்த படங்களை நான் எங்கும் வெளியிடுவதில்லை. 1997 டிசம்பரில் டூமின் மூல நிரல் வெளியிடப்பட்டது என்றாலும் படங்களும் ஒலிகளும் உரிமைக்கு உட்பட்டவையாகவே நீடிக்கின்றன. பிறருக்குச் செய்துகாட்ட வேண்டியபோது, தாராளமாகப் பகிர அனுமதிக்கும் பிஎஸ்டி உரிமத்தில் கிடைக்கும், டூமுக்கு மாற்றான ஃப்ரீடூம் விளையாட்டின் வாட் கோப்பைத் திறந்துகொள்கிறேன். ஸ்லேடில் இரண்டையும் கையாளும் முறை ஒன்றுதான்.