திருமலை வீதித் தட்டச்சுக் கடை: போகலாம், காலையிலேயே போங்கள்

சேவை மூப்புப் பட்டியலில் எனக்குப் பின்னால் கடமையேற்ற இருவர் எனக்கு மேலே இருந்தார்கள். இரவு முழுவதும் தூங்கவில்லை. மறுநாளே மட்டக்களப்பு திருமலை வீதியில் மேன்முறையீடு தட்டச்சுச் செய்து தரும் சிறிய கடைக்குப் போனேன்.

கடைக்கார ஐயா உடனே தட்டச்சில் கைவைக்கவில்லை. "நியமனக் கடிதம், கடமையேற்ற கடிதம், நிரந்தரமாக்கிய கடிதம், மூன்றையும் வையுங்கள் ரீச்சர்" என்றார். பென்சிலால் திகதிகளை வட்டமிட்டார். பிழை அங்கேயே தெரிந்தது: என் மூப்பை நிரந்தரமாக்கிய நாளிலிருந்து எண்ணியிருக்கிறார்கள்!

இந்தியக் கல்லூரி ஆசிரியர்களின் வழக்குகளிலும் இந்தச் சிக்கல் வருவதுண்டு. விதிப்படி நியமிக்கப்பட்டவரின் மூப்பை நியமனத் திகதியிலிருந்தே எண்ண வேண்டும், நிரந்தரமாக்கிய திகதியிலிருந்து அல்ல என்று 1990இல் இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னது. அது நம்மைக் கட்டுப்படுத்தாது. ஆனாலும் என் நியாயத்தைச் சொல்லச் சொற்கள் கிடைத்தன.

நம் நாட்டு உச்ச நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போடுவதானால் ஒரு மாதம்தான் அவகாசம் என்பதையும் ஐயா கேட்காமலே நினைவூட்டினார். எத்தனை ஆசிரியர்கள் இதை அறியாமல் நாளைத் தொலைத்திருக்கிறார்கள்!

குறை ஒன்று உண்டு. போட்டோப் பிரதிகள் மங்கல், முத்திரையே தெரியவில்லை. வேறு கடையில் மீண்டும் எடுத்துத்தான் பதிவுத்தபாலில் அனுப்பினேன். பத்து மணிக்குப் பிறகு வாசலில் வெயிலில் நிற்க வேண்டிவரும்.