சிமேக்: தவறான விடையை மறக்க மறுக்கும் பில்ட் கருவி

சிறியதொரு சி++ நிரலைத் தொடங்கவிருக்கும் நண்பர், பில்டுக்கு, அதாவது மூல நிரலை ஓடக்கூடிய நிரலாகத் தொகுக்கும் வேலைக்கு, சிமேக்கையே எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்டார். பல ஆண்டுகளாக அதனோடு குடித்தனம் நடத்துபவன் என்பதால் என்னிடம் கேட்டிருக்கிறார். ஆனால் அவர் கேட்ட நேரம் சரியில்லை.

கைப்பட நிறுவியிருந்த, தரவைச் சுருக்க உதவும் பழைய இசட்லிப் லைப்ரரியை நீக்கிவிட்டு, உபுண்டு தரும் பொதியையே பயன்படுத்த அப்போதுதான் முடிவு செய்திருந்தேன். மறுபடி பில்ட் செய்தால், நீக்கப்பட்ட பழைய கோப்பின் முழுப் பாதையையும் சொல்லி, அது காணவில்லை, அதை உருவாக்கும் விதியும் தெரியவில்லை என்று, சிமேக் எழுதித் தரும் விதிகளின்படி தொகுப்பை நடத்தும் நிஞ்ஜா நின்றுவிட்டது. 'கிளீன்' கொடுத்தாலும், சிமேக்கை மீண்டும் ஓட்டினாலும் அதே பிழைதான். புதிய லைப்ரரியோ கணினியில் சரியான இடத்திலேயே இருக்கிறது.

குற்றவாளி, பில்ட் ஃபோல்டரில் சிமேக் தன் விடைகளைக் குறித்துவைக்கும் கேஷ் கோப்பு. ஒரு லைப்ரரியைத் தேடிக் கிடைக்காவிட்டால் சிமேக் அடுத்த முறை மீண்டும் தேடும். கிடைத்துவிட்டால் அந்தப் பாதையைக் கேஷில் எழுதிக்கொண்டு, அங்கே கோப்பு இன்னும் இருக்கிறதா என்றுகூடப் பார்க்காமல் தேடலையே விட்டுவிடும். 'கிளீன்' என்பது தொகுத்த கோப்புகளை மட்டுமே அழிக்கிறது, கேஷைத் தொடுவதில்லை. திட்டத்தை விவரிக்கும் சிமேக்லிஸ்ட்ஸ் கோப்பில் ஒரு தேர்வின் இயல்பு மதிப்பை மாற்றினாலும் பழைய பில்ட் ஃபோல்டரில் எந்த மாற்றமும் தெரியாததற்குக் காரணமும் இதுவே. எதற்கெடுத்தாலும் ஃபோல்டரையே அழித்துவிட்டுப் புதிதாகத் தொடங்கும் பழக்கம் சிமேக் பயனர்களிடம் ஊறிப்போனதில் வியப்பில்லை.

நியாயமாகச் சொன்னால், அத்தனை பெரிய அறுவை சிகிச்சை தேவையில்லை. 'யூ' என்னும் தேர்வோடு பெயரின் தொடக்கத்தையும் ஒரு நட்சத்திரக் குறியையும் கொடுத்தால், அந்த லைப்ரரி தொடர்பான பதிவுகளை மட்டும் கேஷிலிருந்து நீக்கலாம்; என் சிக்கல் அப்படித்தான் தீர்ந்தது. 2022இல் வந்த 3.24 பதிப்பிலிருந்து, கேஷ் முழுவதையும் துறந்து தொடங்க 'ஃபிரெஷ்' என்னும் தேர்வும் உண்டு. தேடல் எந்தெந்த இடங்களில் நடந்தது என்பதைக் காட்டும் வசதி 3.17 முதலே இருக்கிறது. விண்டோஸ், லினக்ஸ், மேக் மூன்றிலும் ஒரே விவரணைக் கோப்பு ஓடுவதும், ஒவ்வொரு கோப்பும் எந்தக் கட்டளையால் தொகுக்கப்படுகிறது என்ற பட்டியலை எடிட்டருக்கு எழுதித் தருவதும் வேறெந்தக் கருவியிலும் எனக்கு இவ்வளவு பயன்பட்டதில்லை. மருத்துவப் படங்களைக் கையாளும் ஐடிகே திட்டத்திற்காக 2000ஆம் ஆண்டையொட்டி உருவான கருவி, அந்தத் துறையைத் தாண்டி எங்கும் பரவியது தகுதியால்தான்.

ஆயினும் நண்பருக்கு 'வேண்டாம்' என்றே பதில் எழுதினேன். அவருடையது லினக்ஸில் மட்டும் ஓடப்போகும் நாலைந்து கோப்புகள். அதற்கு, தொகுக்கும் கட்டளைகளை நேரடியாக எழுதிவைக்கும் ஒரு மேக்ஃபைல் போதும். அப்படியானால் உங்கள் திட்டங்களையும் சிமேக்கிலிருந்து மாற்றுவீர்களா என்று அவர் திருப்பிக் கேட்டார். மாற்ற மாட்டேன்.