ஆலிஸ் ஸ்பிரிங்ஸில் ஆடி அமாவாசை: விண்மீன் பார்க்கும் சுற்றுலா எப்படி?

ஆஸ்திரேலியாவின் நடுப்பகுதிக்குப் போகிறவர்கள் பகலில் எதையெல்லாம் பார்ப்பது என்று திட்டம் போடுகிறார்கள். முதலில் ஒரு ராத்திரியை ஒதுக்கி வையுங்கள் என்பேன். வானத்தைக் காட்டும் சுற்றுலாக்கள் அங்கே பல இருக்கின்றன. தொலைநோக்கி எவ்வளவு பெரியது, சாப்பாடு என்ன என்று விசாரிப்பதைவிட, கதை சொல்லப்போவது யார் என்று விசாரித்துப் பதிவு செய்யுங்கள். நான் இரண்டு விதத்தையும் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.

பாளையங்கோட்டையில் புவியியல் ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். மகள் குடும்பம் அடிலெய்டில். போன வருஷம், 2025 ஜூலையில், அவர்களோடு ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் போனேன். மாப்பிள்ளை நிலா இல்லாத நாளாகத் தேடி ஜூலை 24-ஐப் பிடித்தார். நாள்காட்டியைப் பார்த்தால் ஆடி அமாவாசை. அன்று சைவம்தான் என்று முன்கூட்டியே எழுதிச் சொல்லியிருந்தோம். காய்கறி சூப்பும், நெருப்புக் கங்கில் சுட்ட டாம்பர் ரொட்டியும், சர்க்கரைப் பாகும் தந்தார்கள். கங்காரு இறைச்சி தனிப் பாத்திரத்தில் தனிக் கரண்டியோடு இருந்தது. அந்த அக்கறைக்கே ஒரு மதிப்பெண் கொடுக்கலாம்.

ஊரிலிருந்து வேனில் அரை மணி நேரம். தார்ச்சாலை முடிந்து செம்மண் பாதையில் கொஞ்ச தூரம் போய், மக்டானல் மலைத்தொடர் ஒரு கறுப்புக் கோடாகத் தெரிகிற வெட்டவெளியில் இறக்கிவிட்டார்கள். அந்த மண்ணின் பூர்வகுடிகளான அரண்டா மக்கள் ஆலிஸ் ஸ்பிரிங்ஸை ம்பார்ன்ட்வே என்றுதான் சொல்கிறார்கள். அந்த மலைகளை உண்டாக்கியவை கம்பளிப்பூச்சி மூதாதையர் என்பது அவர்கள் வரலாறு. பகலில் அந்த மலைமுகடுகளைப் பார்த்தவர்களுக்கு இது உடனே மனதில் பதியும்.

உட்கார நாற்காலி, முதுகுக்கு மெத்தை, ஆளுக்கு இரண்டு கம்பளி. முட்டி வலி உள்ளவர்கள் பயப்பட வேண்டாம், வேனிலிருந்து நாலு எட்டுதான். ஆனால் குளிரை லேசாக நினைக்காதீர்கள். பாலைவனம் என்றால் சூடு என்ற எண்ணத்தோடு வரும் நம்மவர்கள் பலர். ஜூலையில் பகல் இதமாக இருக்கும், இரவில் பூஜ்யத்துக்குக் கீழேகூட இறங்கும். குல்லா, கையுறை, இரண்டு ஜோடி சாக்ஸ் கட்டாயம்.

கைபேசி எல்லாவற்றையும் அணைத்துப் பைக்குள் வைக்கச் சொன்னார்கள். கண் இருட்டுக்கு முழுதாகப் பழக இருபது முப்பது நிமிஷம் ஆகும். நடுவில் யாராவது ஒரு தடவை திரையைத் தட்டினால் போச்சு, மறுபடி முதலிலிருந்து. சிவப்பு விளக்கு மட்டும்தான் அனுமதி. கதையை ஒலிப்பதிவு செய்யவும் கூடாது. இதை அவர்கள் கண்டிப்பாகச் சொன்னது எனக்கு மிகவும் பிடித்தது.

கதை சொன்னவர் மேற்கு அரண்டா இனத்தைச் சேர்ந்த ஒரு மூத்த பெண்மணி. அங்கே பெரியவர்களை மரியாதையாக ஆன்ட்டி என்றே எல்லோரும் அழைக்கிறார்கள், நாங்களும் அப்படியே அழைத்தோம். முதலில் தன் தாய் யார், பாட்டி யார், எந்த மண் தன்னுடையது, எந்தக் கதைகளைச் சொல்லத் தனக்கு உரிமை உண்டு என்று சொல்லிவிட்டுத்தான் வானத்துக்கே போனார்.

நாமெல்லாம் புள்ளியைச் சேர்த்துக் கோலம் போடுவதுபோல நட்சத்திரங்களை இணைத்து உருவம் பார்த்தே பழகியவர்கள். அவர் நட்சத்திரம் இல்லாத இடத்தைப் பார்க்கச் சொன்னார். பால்வீதியின் நடுவே ஓடும் கருமையான தூசுப் பட்டைதான் ஈமு பறவை. தென்மேற்கில் தென்சிலுவைக்குப் பக்கத்தில் இருக்கும், ‘கரிப்பை’ (Coalsack) எனப்படும் கரிய தூசு மேகம் அதன் தலை. அங்கிருந்து நீண்ட கழுத்து, உச்சியில் விருச்சிகத்தின் அருகே உடல், கிழக்கே சாய்ந்து கால்கள். ஒரு தரம் தெரிந்துவிட்டால் பிறகு கண்ணை எடுக்க முடியாது. இந்த ஈமு கண்டத்தின் பல இனத்தாருக்கும் பொதுவானது. மாதத்துக்கு மாதம் வானத்தில் அது இருக்கும் நிலையை வைத்து, தரையில் ஈமு எப்போது முட்டையிடும், எப்போது அடைகாக்கும் என்று அறிந்திருக்கிறார்கள். முப்பது வருஷத்துக்கு மேல் பருவகாலங்களைக் கரும்பலகையில் வரைந்து பாடம் எடுத்தவள் நான். இப்படி ஒரு பாடத்தை யாரும் எனக்கு எடுத்ததில்லை.

தென்சிலுவையை நம் தெற்குச் சீமையிலும் மே மாத இரவில் அடிவானத்தை ஒட்டிப் பார்க்கலாம். ஆலிஸில் அது நல்ல உயரத்தில் நிற்கிறது. அரண்டா மக்களுக்கு அது கழுகின் கால். பக்கத்துக் கரிப்பை அதன் கூடு, சிலுவையைச் சுட்டிக்காட்டும் இரண்டு நட்சத்திரங்கள் அதன் எறிதடி.

அடுத்துச் சொன்னது ட்னொராலா கதை. இதற்காகவே இந்தச் சுற்றுலாவுக்குப் போகலாம். படைப்புக் காலத்தில் பெண்கள் பால்வீதியாக வானத்தில் நடனமாடிக்கொண்டிருந்தார்கள். ஒரு தாய் தன் குழந்தையை மரத்தொட்டிலில் படுக்கவைத்து ஓரமாக வைத்துவிட்டு ஆடப் போனாள். தொட்டில் விளிம்பில் சரிந்து பூமியில் விழுந்தது. விழுந்த வேகத்தில் பாறைகள் வட்டமாக மேலே எழும்பின. அதுதான் ட்னொராலா. தாயும் தகப்பனும், மாலை வெள்ளியும் விடிவெள்ளியுமாக, இன்னமும் அந்தக் குழந்தையைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். அதனால் அந்த வெள்ளிகளை உற்றுப் பார்க்காதே என்று பிள்ளைகளை எச்சரிப்பது வழக்கமாம். தொட்டிலையும் காட்டினார். விருச்சிகத்தின் வாலுக்குக் கிழக்கே, வானியலில் கொரோனா ஆஸ்ட்ராலிஸ் எனப்படும் மங்கலான அரைவட்டம்.

புவியியல் படித்தவர்களுக்கு இந்த இடத்தில் மயிர்க்கூச்செறியும். ட்னொராலா, வரைபடத்தில் காஸஸ் பிளஃப், ஆலிஸுக்கு மேற்கே சுமார் 175 கி.மீ. தூரத்தில் உள்ளது. சுமார் 14 கோடி ஆண்டுகளுக்கு முன்பு விண்ணிலிருந்து ஒரு பொருள் மோதிய இடம் அது. இருபது கி.மீ.க்கு மேல் அகலமாக இருந்த பெரும்பள்ளம் அரிப்பில் தேய்ந்து, நடுவில் சுமார் 5 கி.மீ. விட்டமுள்ள மலைவளையம் மட்டும் மிஞ்சியிருக்கிறது. மோதலின்போது மனிதன் யாரும் இல்லை, பார்த்துச் சொல்ல வழியில்லை. அப்படியிருந்தும், இது மேலேயிருந்து வந்து விழுந்ததால் ஆனது என்றே அந்த மக்களின் கதை சொல்கிறது. விஞ்ஞானிகள் இருபதாம் நூற்றாண்டில் வந்துசேர்ந்த முடிவு அது.

ஒரு கட்டத்தில் பிரிஸ்பேனிலிருந்து வந்த ஒருவர் அந்தப் பெண்களின் நடனத்தைப் பற்றித் துருவிக் கேட்டார். “அதற்கு மேல் நான் சொல்லக்கூடாது” என்று அமைதியாகச் சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டார் ஆன்ட்டி. பணம் கொடுத்திருக்கிறோமே என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கு அந்த மறுப்பில்தான் முழு நம்பிக்கை வந்தது. எல்லாவற்றையும் கொட்டிவிடாமல், எது வெளியாருக்கு, எது பெண்களுக்குள், எது ஆண்களுக்குள் என்று வரம்பு தெரிந்து சொல்கிற ஆளிடம்தான் கதை உயிரோடு இருக்கிறது.

இதற்கு முன் வேறொரு ஊரில் போன சுற்றுலாவில் இதற்கு நேர்மாறாக நடந்தது. வழிகாட்டி அந்த மண்ணின் மகன் இல்லை. ஒரு தாளில் எழுதிவைத்ததை ஒப்பித்தார், எந்த இனத்தார் கதை என்று கேட்டதற்குப் பதில் இல்லை. பின்னணியில் டிட்ஜெரிடூ இசை ஒலிநாடாவில் ஓடியது. அது வடகோடியில் ஆர்னெம் லேண்ட் பக்கத்து மக்களின் வாத்தியம், நடுப் பாலைவனத்து மரபே அல்ல. எல்லாப் பழங்குடிகளும் ஒன்று என்று கலந்துகட்டிக் கொடுப்பது மரியாதை ஆகாது.

ஆலிஸ் சுற்றுலாவிலும் குறை உண்டு. ஆன்ட்டி பேசி முடித்தபின் ஒரு இளைஞர் தொலைநோக்கியைக் காட்டினார். இருபது பேருக்கு மேல் இருந்தோம், தொலைநோக்கி ஒன்றுதான். வரிசையில் குளிரில் நின்று, ஆல்ஃபா சென்டாரி இரட்டையாகப் பிரிந்து தெரிவதையும், ஒமேகா சென்டாரி நட்சத்திரக் கூட்டத்தையும் ஆளுக்குச் சில விநாடிதான் பார்க்க முடிந்தது. பல லட்சம் சூரியன்கள் ஒரே உருண்டையாகக் குவிந்திருப்பதைப் பார்க்க இன்னும் அவகாசம் தந்திருக்கலாம். ஒருவருக்கு நூற்றைம்பது டாலரை ஒட்டிய கட்டணத்துக்கு இன்னொரு தொலைநோக்கி வைப்பது நியாயம்.

அன்று மாலை வெள்ளி இல்லை, அந்தச் சமயம் அது விடியலில் உதித்துக்கொண்டிருந்தது. “ஐந்தரைக்கு எழுந்து கிழக்கே பாருங்கள்” என்று ஆன்ட்டி சொல்லி அனுப்பினார். எழுந்து பார்த்தோம். வெள்ளி பளிச்சென்று நிற்க, அதற்கு மேலே வடகிழக்கில் கார்த்திகைக் கூட்டம். நடுப் பாலைவனத்தின் இன்னொரு பூர்வகுடியான பிட்ஜன்ஜாரா மக்கள் அந்த நட்சத்திரங்களைக் குங்கரங்கல்பா, ஏழு சகோதரிகள், என்கிறார்கள். துரத்திவரும் ஞிரு என்பவன், நம் திருவாதிரையும் மிருகசீரிடமும் இருக்கிற ஓரியனாகப் பின்னாலேயே வருகிறான். நம் கார்த்திகைப் பெண்கள் ஆறு பேர், முருகனுக்குப் பாலூட்டியவர்கள். அதே நட்சத்திரங்களை அங்கேயும் பெண்களாகவே கண்டிருக்கிறார்கள் என்பதை நினைத்து நானும் மகளும் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தோம்.

மறுநாள் காரில் டைலர்ஸ் பாஸ் மேடுவரை போய் ட்னொராலாவைத் தூரத்திலிருந்து பார்த்தோம். வளையத்துக்குள் போகும் பாதைக்கு நான்கு சக்கர இயக்கமுள்ள வண்டி வேண்டும், அங்கே இரவு தங்க அனுமதியில்லை. புனித இடம். கதையைக் கேட்டுவிட்டுப் போங்கள், வரிசையை மாற்றாதீர்கள்.

பதிவு செய்யும்போது, கதை சொல்பவர் அந்த மண்ணின் இனத்தவரா, எத்தனை பேர் கூட்டம், அன்று நிலா எப்படி என்று கேளுங்கள். பௌர்ணமியை ஒட்டிப் போனால் ஈமு தெரியவே தெரியாது. டிசம்பர் விடுமுறையில் போகிறவர்களுக்கும் மாலையில் ஈமு கிடைக்காது, வெயிலும் நாற்பதைத் தொடும். ஆனால் இருட்டியதும் சகோதரிகளும் ஞிருவும் வானத்தில் இருப்பார்கள், எழுவர் கதையைச் சொல்லச் சொல்லிக் கேட்டுப் பாருங்கள்.